ஆங்கிலோ-சாக்சன் அரசர்களும் அவர்களின் அரசுகளும்: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

இங்கிலாந்து என்று ஒரு நாடு உருவாவதற்கு முன், அந்த மண்ணில் ஒரே சமயத்தில் பத்துப் பன்னிரண்டு அரசர்கள் இருந்தார்கள். சுமார் 450 முதல் 800 வரையிலான அந்தக் காலத்தைப் பற்றிப் புதிதாகப் படிக்கத் தொடங்குகிறவர்கள் வழக்கமாகக் கேட்கும் கேள்விகள் இவை. பெயர்கள் சட்டென்று வாயில் நுழையாது. கவலை வேண்டாம், முக்கியமான ஏழெட்டுப் பெயர்கள் பிடிபட்டாலே கதை நகர்ந்துவிடும்.

ஆங்கிலோ-சாக்சன்கள் யார்? எங்கிருந்து வந்தார்கள்?

இன்றைய டென்மார்க், வட ஜெர்மனி, நெதர்லாந்துக் கடலோரங்களிலிருந்து வடகடலைத் தாண்டி பிரிட்டனுக்கு வந்தவர்கள். ஜெர்மானிய மொழி பேசியவர்கள். அதற்கு முன் பிரிட்டன் மூன்றரை நூற்றாண்டுகளுக்கு மேல் ரோமானிய மாகாணமாக இருந்தது. 410 வாக்கில் அந்த நிர்வாகம் முடிவுக்கு வந்தது. படைகள் போயின, சம்பளம் நின்றது, புதுக் காசு வருவதும் நின்றது. சில பத்தாண்டுகளில் நகரங்கள் காலியாகத் தொடங்கின.

அப்புறம் என்ன நடந்தது என்பதற்குப் பழைய கதை ஒன்று உண்டு. வடக்கிலிருந்து வந்த பிக்டுகளின் கொள்ளையைச் சமாளிக்க, வோர்டிகெர்ன் என்ற பிரிட்டானியத் தலைவர் கூலிப்படையாகச் சாக்சன்களை அழைத்தாராம். ஹெங்கிஸ்ட், ஹோர்சா என்ற இரண்டு சகோதரர்களின் தலைமையில் வந்தவர்கள், கூலி போதவில்லை என்று அழைத்தவரையே திருப்பி அடித்தார்களாம். சகோதரர்களின் பெயர்கள் இரண்டுக்கும் குதிரை என்றே பொருள் என்பதால், வரலாற்றாசிரியர்கள் இந்தக் கதையை அப்படியே நம்புவதில்லை. கூலிப்படையாக வந்து தங்கிவிட்டவர்கள் இருந்திருப்பார்கள் என்பதை மட்டும் பெரும்பாலானோர் ஏற்கிறார்கள்.

அது படையெடுப்பா, குடியேற்றமா?

இருபதாம் நூற்றாண்டின் கடைசியில், சில ஆயிரம் போர்வீரர்கள் மட்டும் வந்து மேலே உட்கார்ந்துகொண்டார்கள், கீழே இருந்த மக்கள் மொழியையும் உடையையும் மாற்றிக்கொண்டார்கள் என்ற கருத்து வலுவாக இருந்தது. 2022-இல் வெளியான மரபணு ஆய்வு அதை ஆட்டம் காண வைத்தது. கிழக்கு, தெற்கு இங்கிலாந்தின் இடைக்காலத் தொடக்கக் கல்லறைகளில் கிடைத்த எலும்புகளில், சராசரியாக 76 சதவீத வம்சாவளி வடகடலுக்கு அப்பாலிருந்து வந்ததாகத் தெரிந்தது. அப்படியானால் பெண்களும் குழந்தைகளும் உட்படக் குடும்பம் குடும்பமாக வந்திருக்கிறார்கள். அதற்காக உள்ளூர் மக்களை எல்லாம் அழித்துவிட்டார்கள் என்றும் சொல்ல முடியாது. ஒரே கல்லறையில் இரு வம்சாவளியினரும், கலந்து பிறந்தவர்களும் ஒரே மாதிரிச் சடங்குகளோடு புதைக்கப்பட்டிருக்கிறார்கள்.

அரச குடும்பங்களிலும் இந்தக் கலப்பு தெரிகிறது. தெற்கே இருந்த வெசெக்ஸ் அரசின் வம்சத்துக்கு மூதாதையாகச் சொல்லப்படும் செர்டிக் என்பவரின் பெயர் ஜெர்மானியப் பெயரே அல்ல, பிரிட்டானியப் பெயர்.

இதெல்லாம் எப்படித் தெரியும்? அப்போது எழுதி வைத்தவர்கள் உண்டா?

மிகக் குறைவு. ஆறாம் நூற்றாண்டில் கில்டாஸ் என்ற பிரிட்டானியத் துறவி தன் காலத்து அரசர்களைத் திட்டி ஒரு நீண்ட கண்டனம் எழுதினார். அதில் ஆண்டுகள் கிடையாது, பெயர்களும் சொற்பம். அடுத்து பீட். ஏழு வயதில், வடக்கே இருந்த நார்தம்பிரியா அரசின் மடாலயம் ஒன்றில் சேர்க்கப்பட்டு, கடைசிவரை அங்கேயே வாழ்ந்து, 735-இல் இறந்தவர். 731-இல் அவர் முடித்த திருச்சபை வரலாறு இல்லையென்றால், இந்தப் பக்கத்தில் முக்கால்வாசி இருக்காது. யாரிடம் கேட்டேன், எந்த மடாலயத்திலிருந்து தகவல் வந்தது என்று சொல்லி எழுதியவர் அவர்.

ஆனால் அவர் நார்தம்பிரியாக்காரர், அதோடு துறவி. தன் நாட்டுக் கிறிஸ்தவ அரசர்களைப் பற்றி மனம் நிறைய எழுதுவார். நடுப்பகுதியில் இருந்த மெர்சியா அரசின் கதையைப் பெரும்பாலும் எதிராளியின் கதையாகவே சொல்வார். வெசெக்ஸ் தரப்பின் கதை ஒன்பதாம் நூற்றாண்டின் இறுதியில், வெசெக்ஸ் அரசர் ஆல்ஃபிரட் காலத்தில் தொகுக்கப்பட்ட ஆங்கிலோ-சாக்சன் ஆண்டுக்குறிப்புகளில் இருக்கிறது. 495-இல் செர்டிக் கரையிறங்கினார் என்று அது சொல்வது நானூறு ஆண்டு கழித்துச் சொல்வது. அந்தத் தேதிகளை மனப்பாடம் செய்ய வேண்டியதில்லை.

ஏழு அரசுகள் என்கிறார்களே, சரியா?

கென்ட், சசெக்ஸ், எசெக்ஸ், வெசெக்ஸ், கிழக்கு ஆங்லியா, மெர்சியா, நார்தம்பிரியா. பள்ளிப் பாடப்புத்தகத்துக்கு வசதியான பட்டியல். ஏழு என்று எண்ணிச் சொல்லும் வழக்கம் பன்னிரண்டாம் நூற்றாண்டில்தான் பரவியது. நிஜத்தில் எந்த ஒரு நாளிலும் சரியாக ஏழு இருந்ததாகச் சொல்ல முடியாது.

நார்தம்பிரியாவே பெர்னிசியா, டெய்ரா என்ற இரண்டு அரசுகளை ஒட்டிச் செய்தது. எந்த நேரமும் பிரியத் தயாராக இருந்தது. ஹ்விக்கே, லிண்ட்சி, வைட் தீவு எனத் தனித்தனி அரசர்களோடு இருந்த பகுதிகள் வேறு. கப்பக் கணக்குக்காக எழுதப்பட்டதாகத் தோன்றும் பழைய பட்டியல் ஒன்றில் சுமார் 35 மக்கள்கூட்டங்களின் பெயர்கள் இருக்கின்றன. நிலத்தை ஹைடு என்ற அளவில் கணக்கிடுகிறது அது. ஒரு ஹைடு என்பது ஒரு குடும்பம் பிழைக்கப் போதுமான நிலம். மெர்சியாவுக்கு 30,000 ஹைடு, கென்ட்டுக்கு 15,000, சசெக்ஸுக்கு 7,000. அதே பட்டியலில் வெறும் 300 ஹைடு கொண்ட சிறு கூட்டங்களும் தனிப் பெயரோடு நிற்கின்றன. பெரிய மீன் சின்ன மீனை விழுங்கிக்கொண்டிருந்த குளத்தை நடுவில் ஒரு நாள் எட்டிப் பார்த்து எண்ணியது போன்ற பட்டியல் இது.

அப்படியானால் அரசன் என்றால் யார்? எதை வைத்து ஆண்டான்?

எனக்கு இந்தக் காலத்தைப் புரியவைத்த விஷயமே இதுதான். தலைநகரம் இல்லை, அதிகாரிகள் கூட்டம் இல்லை, ஏழாம் நூற்றாண்டு வரை சொந்தக் காசுகூடப் பெரிதாக இல்லை. அரசனைச் சுற்றி அவன் வீட்டில் உண்டு, அவன் கொடுத்த வாளைத் தரித்து, அவனோடு போருக்குப் போகும் வீரர் கூட்டம் ஒன்று இருந்தது. அரசு என்பது கிட்டத்தட்ட அந்தக் கூட்டம்தான். அரசன் தாராளமாகக் கொடுத்தால் பக்கத்து நாட்டு இளைஞர்களும் வந்து சேர்வார்கள். கொடுக்க வேண்டுமானால் கொள்ளையும் திறையும் வேண்டும், அதற்கு ஆண்டுதோறும் போர் வேண்டும். தோற்றாலோ செத்தாலோ கூட்டம் கலைந்துவிடும்.

சாப்பாட்டுக்கு வழி? அரசன் ஊர் ஊராகப் போய்ச் சாப்பிட்டான். ஒவ்வொரு பகுதியும் அரசனின் பண்ணை வீட்டுக்கு உணவாக வரி கட்ட வேண்டும். வெசெக்ஸ் அரசர் இனே, 690 வாக்கில் போட்ட சட்டத்தில் பத்து ஹைடு நிலத்துக்கு இவ்வளவு என்று எழுதி வைத்திருக்கிறார்: 10 சாடி தேன், 300 ரொட்டி, 12 அளவை வெல்ஷ் பீர், 30 அளவை தெளிந்த பீர், நன்கு வளர்ந்த மாடு 2 அல்லது செம்மறிக் கிடா 10, பெரிய வாத்து 10, கோழி 20, பாலாடைக்கட்டி 10, ஓர் அளவை நிறைய வெண்ணெய், சால்மன் மீன் 5, 20 பவுண்டு தீவனம், விலாங்கு மீன் 100. இந்தப் பட்டியலை நிதானமாகப் படித்தால் அரசனோடு எத்தனை வாய்கள் வந்திருக்கும் என்பது புரியும்.

மூத்த மகன்தான் அடுத்த அரசனா?

இல்லை. அரச வம்சத்தில் பிறந்த எந்த வயதுவந்த ஆணும் உரிமை கோரலாம். சித்தப்பா, தம்பி, மூன்றாம் தலைமுறைப் பங்காளி, யாரானாலும் கையில் ஆளும் வாளும் இருந்தால் சரி. அதனால்தான் ஒவ்வோர் அரசனும் பங்காளிகளை விரட்டுவதிலேயே பாதி ஆயுளைக் கழித்தான். விரட்டப்பட்டவர்கள் பக்கத்து நாட்டில் தஞ்சம் புகுந்து, சமயம் பார்த்துத் திரும்பினார்கள். நார்தம்பிரியாவின் ஏதெல்ரெட் 774-இல் அரசரானார், 779-இல் துரத்தப்பட்டார், 790-இல் திரும்பி வந்தார், 796-இல் கொல்லப்பட்டார். அந்த நாட்டில் இது விசித்திரமே இல்லை.

வீரர்களின் விசுவாசம் என்பது வெறும் பாட்டுக்கதையா?

786-இல் வெசெக்ஸில் நடந்த ஒரு சம்பவத்தை ஆண்டுக்குறிப்பு வழக்கத்துக்கு மாறாக நீட்டி எழுதியிருக்கிறது. அரசர் கினெவுல்ஃப், சில ஆட்களோடு மட்டும் ஒரு பெண்ணைப் பார்க்க மெரன்டுன் என்ற இடத்துக்குப் போயிருந்தார். அவர் பதவியிலிருந்து இறக்கிய முந்தைய அரசரின் தம்பி கினெஹார்ட், அந்த அறையைச் சுற்றி வளைத்தான். அரசர் வாசலில் நின்றே சமாளித்தார். எதிரியைக் கண்டதும் ஆத்திரத்தில் வெளியே பாய்ந்து அவனைப் பலமாக வெட்டினார். உடனே எல்லோரும் சேர்ந்து அவரைக் கொன்றார்கள். பெண்ணின் அலறல் கேட்டு ஓடிவந்த அரசரின் ஆட்களிடம் கினெஹார்ட் பணமும் உயிரும் தருவதாகச் சொன்னான். ஒருவரும் வாங்கவில்லை. பிணையாகப் பிடித்து வைத்திருந்த ஒரு பிரிட்டானியரைத் தவிர அத்தனை பேரும் அங்கேயே செத்தார்கள். அவருக்கும் பலத்த காயம்.

காலையில் அரசரின் மீதிப் படை குதிரைகளில் வந்து சேர்ந்தது. "நிலம், பணம், நீங்களே அளவு சொல்லுங்கள், என்னை அரசனாக ஏற்றுக்கொள்ளுங்கள். உங்கள் சொந்தக்காரர்கள் என் பக்கம் உள்ளே இருக்கிறார்கள்" என்றான் கினெஹார்ட். எங்கள் தலைவரைவிட எந்தச் சொந்தமும் பெரிதில்லை, அவரைக் கொன்றவன் பின்னால் வரமாட்டோம் என்பது பதில். சொந்தக்காரர்களைப் பத்திரமாக வெளியே வரச் சொன்னார்கள். நேற்று உங்கள் தோழர்களுக்கும் இதைத்தானே சொன்னோம், அவர்கள் கேட்டார்களா என்று உள்ளிருந்து பதில் வந்தது. கதவைச் சுற்றியே சண்டை நடந்தது. கினெஹார்டோடு 84 பேர் செத்தார்கள். ஒருவன் மட்டும் தப்பினான், அவன் வந்த படைத்தலைவரின் ஞானமகன்.

எல்லோரும் எப்போதும் இப்படி இருந்தார்கள் என்று எடுத்துக்கொள்ள வேண்டாம். மெர்சியாவை 41 ஆண்டுகள் ஆண்ட ஏதெல்பால்டை 757-இல் ஓர் இரவு கொன்றவர்கள் அவருடைய சொந்த மெய்க்காவலர்களே.

எல்லா அரசர்களும் வோடன் வம்சம் என்கிறார்களே?

வோடன் அவர்களுடைய பழைய தெய்வம். கிறிஸ்தவர்களான பிறகும் அந்த மூதாதையை விட மனம் வரவில்லை. எசெக்ஸ் அரசர்கள் மட்டும் சாக்ஸ்னீட் என்ற வேறொரு தெய்வத்தைச் சொன்னார்கள். கிழக்கு ஆங்லியாவின் பட்டியலில் சீசரே ஒரு மூதாதை. பின்னாளில் வெசெக்ஸ் எழுத்தர்கள் பட்டியலை இன்னும் மேலே இழுத்து, நோவாவின் பேழையில் பிறந்ததாக ஒரு மகனைச் சேர்த்து, ஆதாம் வரை கொண்டுபோய் முடித்தார்கள்.

பிரெட்வால்டா என்றால் இங்கிலாந்து முழுவதற்கும் பேரரசரா?

அப்படி ஒரு பதவி இருந்ததாகத் தெரியவில்லை. ஹம்பர் ஆற்றுக்குத் தெற்கே மற்ற அரசுகள்மீது மேலாண்மை கொண்டிருந்த ஏழு அரசர்களை பீட் வரிசைப்படுத்துகிறார்: சசெக்ஸின் எல்லே, வெசெக்ஸின் சியாலின், கென்ட்டின் ஏதெல்பெர்ட், கிழக்கு ஆங்லியாவின் ரெட்வால்ட், அப்புறம் நார்தம்பிரியாவின் எட்வின், ஆஸ்வால்ட், ஆஸ்வியு. வெசெக்ஸ் ஆண்டுக்குறிப்பு இந்தப் பட்டியலை அப்படியே எடுத்து, எட்டாவதாகத் தங்கள் அரசர் எக்பெர்ட்டைச் சேர்த்துக்கொண்டு, அவர்களைப் பிரெட்வால்டா என்று அழைத்தது. இவர்களில் பலரைவிட அதிகாரம் படைத்த மெர்சியாவின் ஆஃபா அதில் இல்லை. பட்டியல் போட்டவர் எந்த ஊர்க்காரர் என்று பார்த்துக்கொண்டால் காரணம் விளங்கும்.

கிறிஸ்தவம் எப்படி நுழைந்தது?

திருமணம் வழியாக. கென்ட் அரசர் ஏதெல்பெர்ட், பாரிஸை ஆண்ட ஃபிராங்கிய அரசர் சாரிபெர்ட்டின் மகள் பெர்த்தாவை மணந்தார். தன் மதத்தைப் பின்பற்றத் தடை கூடாது என்ற நிபந்தனையோடு அவர் ஒரு பிஷப்பையும் கூட்டிவந்தார். 597-இல் போப் கிரெகோரி அனுப்பிய அகஸ்டின் சுமார் நாற்பது பேரோடு தானெட் தீவில் இறங்கியபோது, அரசர் அவர்களை வீட்டுக்குள் சந்திக்க மறுத்தார். கூரைக்குக் கீழே மந்திரம் பலிக்கும் என்ற பயம். திறந்தவெளியில் உட்கார்ந்து பேச்சைக் கேட்டார், தங்க இடமும் உணவும் கொடுத்தார், பிறகு தானும் மாறினார்.

மதத்தோடு எழுத்தும் வந்தது. ஏதெல்பெர்ட் போட்ட சட்டம்தான் ஆங்கிலத்தில் கிடைக்கும் முதல் நூல், ஏறக்குறைய 600-ஐச் சேர்ந்தது. பழிக்குப் பழி கொலைகளைத் தடுக்க, உடம்பின் ஒவ்வோர் உறுப்புக்கும் விலை போட்டது அது. கட்டைவிரல் போனால் 20 ஷில்லிங், ஆள்காட்டி விரல் 9, நடுவிரல் 4, மோதிரவிரல் 6, சுண்டுவிரல் 11. முன்பற்கள் ஒவ்வொன்றுக்கும் 6. கண் போனால் 50. நடுவிரலைவிடச் சுண்டுவிரல் ஏன் இத்தனை உசத்தி என்று சட்டம் விளக்குவதில்லை.

அரசர் மாறியதும் நாடே மாறிவிட்டதா?

எங்கே! ஏதெல்பெர்ட் 616-இல் இறந்ததும் அவர் மகன் பழைய மதத்துக்கே திரும்பி, சிற்றன்னையையே மணந்துகொண்டான். எசெக்ஸில் கிறிஸ்தவ அரசர் இறந்தபின், திருமுழுக்குப் பெறாத மகன்கள் பிஷப்பிடம் போய், அப்பாவுக்குக் கொடுத்த அந்த வெள்ளை ரொட்டியை எங்களுக்கும் கொடு என்று கேட்டார்கள். முழுக்குப் பெற்றால்தான் என்றார் அவர். நாட்டைவிட்டே துரத்திவிட்டார்கள்.

ரெட்வால்ட் கென்ட்டில் போய்த் திருமுழுக்குப் பெற்றுத் திரும்பினார். மனைவி ஒப்பவில்லை. சரி, ஒரே கோயிலில் கிறிஸ்துவுக்கு ஒரு பீடம், பழைய தெய்வங்களுக்குப் பலியிட ஒரு சின்னப் பீடம் என்று வைத்துக்கொண்டார். பீட் இதைப் பெரும் பாவமாக எழுதுகிறார். எனக்கென்னவோ, இரண்டு பக்கமும் விரோதம் வேண்டாம் என்று நினைத்த குடும்பஸ்தர்போலத்தான் ரெட்வால்ட் தெரிகிறார்.

இன்னொரு பக்கம், மதத்தை மெய்யாகவே பின்பற்றியதால் உயிரை விட்டவரும் உண்டு. எசெக்ஸின் சிகெபெர்ட்டை அவருடைய உறவினர்களே கொன்றார்கள். ஏன் என்று கேட்டதற்கு, எதிரிகள் மன்னிப்புக் கேட்டால் உடனே மன்னித்துவிடுகிறார், எங்களால் பொறுக்க முடியவில்லை என்றார்களாம். பழிவாங்குவதுதான் கௌரவம் என்றிருந்த சமூகத்தில் மன்னிக்கிற அரசன் பிழைப்பது கஷ்டம்.

சட்டன் ஹூவில் கிடைத்தது என்ன?

கிழக்கு ஆங்லியாவில், சட்டன் ஹூ என்ற ஆற்றங்கரை மேட்டில் பழைய மண்மேடுகள் சில இருந்தன. 1939-இல் நிலத்தின் உரிமையாளர் எடித் பிரெட்டி, பேசில் பிரவுன் என்ற உள்ளூர் அகழாய்வாளரை வைத்து அதில் பெரிய மேட்டைத் தோண்டினார். அமிலத் தன்மையுள்ள மணல் மரத்தையும் உடலையும் தின்றுவிட்டிருந்தது. ஆனால் பலகைகளை இணைத்த இரும்பு ஆணிகள் இருந்த இடத்திலேயே வரிசை வரிசையாக இருந்தன, பலகைகளின் தடம் மணலில் பதிந்திருந்தது. அந்த ஆணிகளை அசைக்காமல் மண்ணை மட்டும் வழித்து எடுத்தபோது, 27 மீட்டர் நீளக் கப்பலின் வடிவம் அப்படியே வெளிப்பட்டது.

நடுவில் புதையல் அறை. நூற்றுக்கணக்கான துண்டுகளாக நொறுங்கிய முகமூடித் தலைக்கவசம், 400 கிராமுக்கு மேல் எடையுள்ள தங்க இடுப்புக் கொக்கி, பைசாந்தியப் பேரரசர் அனஸ்தாசியஸ் காலத்து முத்திரை பதித்த வெள்ளித் தட்டு, 37 ஃபிராங்கியத் தங்கக் காசுகள். தோள்பட்டைக் கொக்கிகளிலும் வாள்பிடியிலும் கார்னெட் என்ற சிவப்புக் கற்களை இழைத்திருக்கிறார்கள். அந்தக் காலத்து ஐரோப்பிய நகைகளில் பதித்த கார்னெட் கற்களில் ஒரு பகுதி இந்தியாவிலிருந்தும் இலங்கையிலிருந்தும் போனவை என்று, கற்களின் வேதியியலை ஆராய்ந்தவர்கள் காட்டியிருக்கிறார்கள்.

புதைக்கப்பட்டவர் பெரும்பாலும் ரெட்வால்ட் என்பது பலரின் கருத்து. காலமும் இடமும் பொருந்துகின்றன, பெயர் மட்டும் எழுதப்படவில்லை. சில கிலோமீட்டர் தொலைவில் பீட் குறிப்பிடும் ரென்டில்ஷாம் அரச இல்லம் இருந்தது. அங்கே 2022-இல் 23 மீட்டர் நீளமும் 10 மீட்டர் அகலமும் கொண்ட மரக் கூடத்தின் அடித்தடம் கிடைத்தது.

எட்வின், ஆஸ்வால்ட், பெண்டா: இந்த மூவர் கதை என்ன?

எட்வின், துரத்தப்பட்ட இளவரசர். ரெட்வால்டிடம் தஞ்சம் புகுந்திருந்தார். நார்தம்பிரியாவின் ஏதெல்ஃப்ரித், அவரைக் கொன்றுவிடு, பணம் தருகிறேன் என்று மூன்று முறை ஆள் அனுப்பினார். ரெட்வால்ட் தடுமாறினார். அடைக்கலம் புகுந்தவனைக் காசுக்கு விற்பது அரசனுக்கு அழகல்ல என்று தடுத்தது அவர் மனைவி. இத்தனை முக்கியமான முடிவுகளில் நுழைந்த அந்த அம்மாளின் பெயரை பீட் எழுதவில்லை. 616-இல் ஐடில் ஆற்றங்கரையில் ரெட்வால்ட், ஏதெல்ஃப்ரித்தைக் கொன்று எட்வினை அரியணையில் ஏற்றினார். அந்தப் போரில் தன் மகனையும் பறிகொடுத்தார்.

626 ஈஸ்டரன்று, வெசெக்ஸிலிருந்து தூதன் வேடத்தில் வந்த ஒருவன் விஷம் தோய்த்த இருபுறக் கூர் கத்தியால் எட்வினைக் குத்தப் பாய்ந்தான். கையில் கேடயம் இல்லாத லில்லா என்ற வீரர் குறுக்கே விழுந்தார். கத்தி அவர் உடலைத் துளைத்து, அரசரையும் காயப்படுத்தியது. அன்றிரவே அரசிக்குப் பெண்குழந்தை பிறந்தது. அடுத்த ஆண்டு எட்வின் யார்க்கில் திருமுழுக்குப் பெற்றார். அவர் ஆட்சியில் கைக்குழந்தையோடு ஒரு பெண் கடலிலிருந்து கடல்வரை தனியாக நடந்து போகலாம் என்று பிற்காலத்தில் சொல்லிக்கொண்டார்கள். 633-இல் வெல்ஷ் அரசர் காட்வாலனும் மெர்சியாவின் பெண்டாவும் சேர்ந்து அவரைக் கொன்றார்கள். அந்த அமைதி அதோடு சரி.

ஏதெல்ஃப்ரித்தின் மகன் ஆஸ்வால்ட், அயர்லாந்துத் துறவிகளிடையே வளர்ந்தவர். திரும்பி வந்து காட்வாலனை வீழ்த்தி, அயோனா தீவிலிருந்து எய்டனை வரவழைத்து 635-இல் லிண்டிஸ்ஃபார்னில் மடாலயம் அமைக்கச் செய்தார். எய்டனுக்கு ஆங்கிலம் சரியாக வராது. அவர் பேசப் பேச, அரசரே பக்கத்தில் நின்று தன் ஆட்களுக்கு மொழிபெயர்த்தார். 642-இல் ஆஸ்வால்டையும் பெண்டா கொன்று, தலையையும் கைகளையும் வெட்டிக் கம்பங்களில் மாட்டச் செய்தார்.

பெண்டா கடைசிவரை பழைய மதத்திலேயே இருந்தார். அவரோடு மோதி மாண்ட அரசர்களில் கிழக்கு ஆங்லியாவினர் மட்டும் மூவர். அவர்களில் ஒருவரான இன்னொரு சிகெபெர்ட், பதவி துறந்து துறவியானவர். மக்கள் மடாலயத்திலிருந்து இழுத்துவந்து போரில் நிறுத்தியபோது, கையில் ஒரு கோலைத் தவிர எதையும் எடுக்க மறுத்துச் செத்தார். ஆனாலும் பெண்டா தன் நாட்டில் கிறிஸ்தவப் பிரசாரத்தைத் தடுக்கவில்லை. அவர் வெறுத்தது, கிறிஸ்தவர்கள் என்று சொல்லிக்கொண்டு அதன்படி நடக்காதவர்களை. இதை ஒப்புக்கொண்டு எழுதியதற்காக பீட்டைப் பாராட்ட வேண்டும். 655-இல், லீட்ஸ் வட்டாரத்தில் வெள்ளம் புரண்ட வின்வெட் ஆற்றங்கரையில், ஆஸ்வால்டின் தம்பி ஆஸ்வியு பெண்டாவை வீழ்த்தினார். வாளுக்கு இரையானவர்களைவிட வெள்ளத்தில் போனவர்கள் அதிகமாம்.

விட்பி சபையில் என்ன முடிவானது?

ஈஸ்டர் தேதி. ஆஸ்வியு அயர்லாந்து முறைப்படி கணக்கிட்டார். அவர் மனைவி ஈன்ஃபிளெட், எட்வின் கத்திக்குத்து வாங்கிய இரவில் பிறந்த அதே பெண், ரோமானிய முறையில் வளர்ந்தவர். அரசர் ஈஸ்டர் விருந்து சாப்பிடும்போது அரசி இன்னும் நோன்பிருந்தார். 664-இல் விட்பியில் ஹில்டா என்ற பெண் துறவி தலைமை வகித்த மடாலயத்தில் கூடிப் பேசி, ரோமானிய முறையே போதும் என்று அரசர் முடிவெடுத்தார்.

பெண்கள் ஆண்டார்களா?

அரிதாக. வெசெக்ஸில் கணவர் இறந்தபின் செக்ஸ்பர் என்ற அரசி 672 வாக்கில் ஓராண்டு ஆண்டார். ஆஃபாவின் மனைவி கினெத்ரித்தின் பெயரில் காசே வெளிவந்தது. வேறெந்த ஆங்கிலோ-சாக்சன் அரசிக்கும் அது கிடைக்கவில்லை. மற்றபடி அரசகுலப் பெண்களின் செல்வாக்கு திருமணத்திலும் மடாலயத் தலைமையிலும் இருந்தது. ஹில்டாவின் மடத்தில் படித்தவர்களில் ஐந்து பேர் பிஷப்பானார்கள்.

சாதாரண மக்களுக்கு இந்தப் போர்களில் என்ன பங்கு?

679-இல் டிரென்ட் ஆற்றுப் போரில் காயப்பட்டுப் பிடிபட்ட இம்மா என்ற நார்தம்பிரிய வீரன், தான் படைக்குச் சாப்பாடு கொண்டுவந்த ஏழை விவசாயி என்று பொய் சொன்னான். வீரன் என்றால் பழிக்குப் பழி கொன்றுவிடுவார்கள், விவசாயியை விட்டுவிடுவார்கள். ஆனால் முகமும் உடையும் நடத்தையும் பேச்சும் காட்டிக்கொடுத்துவிட்டன. பிடித்தவர், என் சகோதரர்களும் உறவினர்களும் அந்தப் போரில் செத்தார்கள், நீ சாக வேண்டியவன்தான், ஆனால் கொல்லமாட்டேன் என்று வாக்குக் கொடுத்துவிட்டேன் என்று சொல்லி, லண்டனில் ஒரு ஃபிரிசிய வியாபாரிக்கு அடிமையாக விற்றார். பிறகு கென்ட் அரசரிடமிருந்து பணம் பெற்று இம்மா தன்னை மீட்டுக்கொண்டான்.

ஆர்தர் மன்னர் இதில் எங்கே வருகிறார்?

வரவில்லை. கதைப்படி அவர் சாக்சன்களை எதிர்த்த பிரிட்டானியர். பிரிட்டானியர் சாக்சன்களை வென்ற பேடன் மலைப் போரைக் கில்டாஸும் பீட்டும் சொல்கிறார்கள், ஆர்தரைச் சொல்லவில்லை. போர்த் தலைவராக அவர் தோன்றுவது ஒன்பதாம் நூற்றாண்டு நூல் ஒன்றில்தான்.

ஆஃபா ஏன் இவ்வளவு பேசப்படுகிறார்?

757 முதல் 796 வரை மெர்சியாவை ஆண்டவர். அவருக்கு வரலாறு எழுத பீட் மாதிரி ஒருவர் வாய்க்கவில்லை, அவர் விட்டுப்போன பொருள்களே பேச வேண்டியிருக்கிறது. வேல்ஸ் எல்லை நெடுக வெட்டிய அகழியும் மண்கரையும் இன்றும் ஆஃபாவின் பெயரில் இருக்கின்றன. அவருடைய வெள்ளிப் பென்னிகள் அழகானவை. அந்த வகைக் காசே அடுத்த சில நூற்றாண்டுகளுக்கு ஆங்கிலேயரின் நாணயமாக நிலைத்தது.

எல்லாவற்றிலும் வேடிக்கையானது ஒரு தங்கக் காசு. பாக்தாதின் கலீஃபா அல்-மன்சூர் 773-774-இல் வெளியிட்ட தினாரைப் பார்த்து அப்படியே வடித்திருக்கிறார்கள். வடித்தவருக்கு அரபி தெரியாது. எழுத்துகள் தட்டுத்தடுமாறி நிற்கின்றன, "ஆஃபா அரசர்" என்ற லத்தீன் எழுத்து அரபி வரிகளுக்குத் தலைகீழாக நடுவில் உட்கார்ந்திருக்கிறது. அல்லாஹ்வைத் தவிர வேறு இறைவன் இல்லை என்ற வாசகத்தோடு ஒரு கிறிஸ்தவ அரசரின் பெயர்! வணிகத்தில் தினாருக்கு இருந்த மதிப்பைத்தான் அவர்கள் பார்த்தார்கள்.

ஐரோப்பாவின் பெரும் அரசர் சார்லமேன், 796-இல் ஆஃபாவை அன்புச் சகோதரரே என்று விளித்துக் கடிதம் எழுதினார். யாத்திரிகர் வேடத்தில் சுங்கம் ஏய்க்கும் வியாபாரிகளைப் பற்றிய புகாரும், உங்கள் நாட்டு மேலாடைகளின் நீளம் பழையபடி இருக்கட்டும் என்ற வேண்டுகோளும் அதில் உண்டு. அதற்கு முன் திருமணப் பேச்சு ஒன்று முறிந்து, இரு பக்கத்துத் துறைமுகங்களும் மூடப்பட்டதும் நடந்திருக்கிறது.

ஆஃபா, மகன் எக்ஃப்ரித்தைத் தன் வாழ்நாளிலேயே அரசனாக அபிஷேகம் செய்வித்தார், போட்டிக்கு வரக்கூடிய உறவினர்களை ஒழித்துக்கட்டினார். ஆஃபா இறந்து 141 நாளில் மகனும் இறந்தான். உறவில் வாரிசு மிச்சமில்லை.

வெசெக்ஸ் மட்டும் எப்படித் தப்பியது?

825-இல் எல்லன்டுன் போரில் எக்பெர்ட் மெர்சியாவைத் தோற்கடித்தபின் தென்கிழக்கு முழுவதும் வெசெக்ஸ் பக்கம் சாய்ந்தது. மற்ற அரசுகளை முடித்துவைத்தவர்கள் வைக்கிங்குகள். 865-இல் வந்திறங்கிய பெரும்படை, நார்தம்பிரியா, கிழக்கு ஆங்லியா, மெர்சியா என்று ஒவ்வொன்றாகச் சாய்த்தது. 878-இல் எடிங்டனில் ஆல்ஃபிரட் அவர்களைத் தடுத்தார். போட்டி வம்சங்கள் எல்லாம் போன நிலத்தில், அவருடைய பேரன் ஏதெல்ஸ்டன் 927-இல் ஆங்கிலேயர் அனைவருக்கும் அரசரானார்.

நேரில் பார்க்க என்ன இருக்கிறது?

லண்டன் பிரிட்டிஷ் அருங்காட்சியகத்தில் சட்டன் ஹூ பொருள்களும் ஆஃபாவின் தினாரும் இருக்கின்றன. 2009-இல் ஒரு வயலில் கிடைத்த ஸ்டாஃபர்ட்ஷயர் புதையல், சுமார் நான்கு கிலோ தங்கம், பர்மிங்காமுக்கும் ஸ்டோக்குக்கும் உரியது. பெரும்பாலும் வாள்களிலிருந்து பிடுங்கிய அலங்காரத் துண்டுகள், பெண்கள் நகை என்று கிட்டத்தட்ட எதுவும் இல்லை. ஆஃபாவின் மண்கரையை ஒட்டி 285 கிலோமீட்டர் நடைபாதை உண்டு. கான்டர்பரியில் அரசி பெர்த்தா வழிபட்ட புனித மார்ட்டின் ஆலயத்தில் இன்றும் வழிபாடு நடக்கிறது, ரோமானியச் செங்கல் சுவரின் ஒரு பகுதி அப்படியே நிற்கிறது. ஒரு நாள்தான் கையில் இருக்கிறது என்றால் அருங்காட்சியகத்துக்கே போங்கள். தலைக்கவசத்தின் முன் எப்போதும் கூட்டம் இருக்கும். தோள்பட்டைக் கொக்கிகளை முதலில் பார்த்துவிடுவது நல்லது.